ஃபால்அவுட் 4: நியூக்கா-வேர்ல்டில் ரெய்டர் அவுட்போஸ்ட் நடத்தப் புதிதாக வருவோருக்கு ஒரு வழிகாட்டி

ஃபால்அவுட் 4 என்ற வீடியோ விளையாட்டில், காமன்வெல்த் எனப்படும் அணுப்போருக்குப் பிந்தைய பாஸ்டன் நிலப்பரப்பில் விவசாயிகளுக்குக் கிணறும் காவற்கோபுரமும் கட்டிக் கொடுத்துப் பழகியவர்கள், பழைய கேளிக்கைப் பூங்கா ஒன்றைக் களமாகக் கொண்ட நியூக்கா-வேர்ல்ட் என்ற கூடுதல் பகுதிக்குள் நுழைந்ததும், அதே நிலத்தை ரெய்டர் எனும் கொள்ளைக் கூட்டத்தின் தலைவராக இருந்து பறிக்கும் வாய்ப்பைப் பெறுகிறார்கள். பறிப்பது எளிது. பறித்து அவுட்போஸ்ட் எனும் புறமுகாமாக்கிய இடத்தைப் பட்டினியில்லாமலும், பழைய நண்பர்களை எதிர்பாராமல் இழக்காமலும் நடத்துவதுதான் கடினம். எந்தப் படியைத் தாண்டினால் திரும்பி வர முடியாது, எதற்கு எவ்வளவு செலவாகும், எதை முன்பே செய்து வைக்க வேண்டும் என்பதை விளையாட்டு எங்கும் தெளிவாகச் சொல்வதில்லை. நான் அலைந்து தெரிந்துகொண்டதை நீங்கள் அலையாமலே தெரிந்துகொள்வதற்காக, செய்ய வேண்டிய வரிசையிலேயே கீழே எழுதியிருக்கிறேன். கதையின் சில திருப்பங்கள் இதில் வெளிப்படும். அவற்றைச் சொல்லாமல் எச்சரிக்கை செய்ய இயலாது.

1. கையில் இருக்க வேண்டியவை: பதிப்பு, நிலை, சேவ் கோப்புகள்

நியூக்கா-வேர்ல்ட் அடிப்படை விளையாட்டில் அடங்காது. அதைத் தனியாக வாங்கலாம். அல்லது ஆறு கூடுதல் பகுதிகளும் சேர்ந்த கேம் ஆஃப் தி இயர் பதிப்பை வாங்கலாம். இணையக் கடைகளில் தள்ளுபடிக் காலத்தில் இந்த முழுப் பதிப்பின் விலை பெரிதும் குறைவதால், இன்னும் எதுவுமே வாங்காதவர்கள் அதற்காகக் காத்திருப்பது நல்லது. அடிப்படை விளையாட்டை முன்பே வைத்திருப்பவர்கள், தனிப்பகுதியின் விலையையும் முழுப் பதிப்பின் விலையையும் ஒப்பிட்டுப் பார்த்த பிறகே பணம் கட்டுங்கள்.

உங்கள் பாத்திரம் 30ஆம் நிலையை எட்டியதும் பிப்-பாய் என்ற கைக்கணினியில் புதிய வானொலி அலைவரிசை ஒன்று தோன்றும். அதிலிருந்துதான் "ஆல் அபோர்டு" என்ற பணி தொடங்குகிறது. அதற்கு முன்பே அங்கே போகத் தடையேதும் இல்லை. எனினும் அங்குள்ள எதிரிகள் 30ஆம் நிலையைக் கணக்கில் வைத்தே அமைக்கப்பட்டவர்கள். 35ஐத் தாண்டிய பிறகு போவதே நிம்மதி என்பது என் கருத்து.

சேவ் கோப்புகளைச் சொத்துப் பத்திரத்தைப் போலப் பாதுகாக்க வேண்டும். ஆட்டோ சேவும் குவிக் சேவும் ஒன்றன்மேல் ஒன்றாக அழிந்து போகக்கூடியவை என்பதால் அவற்றை நம்பக் கூடாது. மெனுவுக்குள் சென்று தனியாகச் செய்யும் முழு சேவ் நான்கு இடங்களில் கட்டாயம் வேண்டும்: மோனோரெயிலில் ஏறுவதற்கு முன்பு, முதல் பூங்காவில் கொடி ஏற்றுவதற்கு முன்பு, முதல் குடியிருப்பின்மீது படையெடுப்பதற்கு முன்பு, "பவர் ப்ளே" பணி தொடங்குவதற்கு முன்பு. இவற்றுள் மூன்றாவதுதான் மிக முக்கியமானது. அதை எந்தக் காரணத்துக்காகவும் அழிக்காதீர்கள்.

சர்வைவல் முறையில் விளையாடுபவர்களுக்கு இந்த வசதி இல்லை. அங்கே படுத்து உறங்கினால்தான் சேவ் ஆகும், விரைவுப் பயணமும் கிடையாது. ஷாங்க் என்ற அடியாளிடம் அறிக்கை சொல்ல ஒவ்வொரு முறையும் நியூக்கா-வேர்ல்டுக்குத் திரும்ப வேண்டியிருப்பதால், பாதி நேரம் நடையிலேயே போய்விடும். முதல் முறையாக ரெய்டர் பாதையில் இறங்குபவர்கள் சாதாரண முறையிலோ ஹார்டு முறையிலோ விளையாடுவதே என் பரிந்துரை.

மாட்கள், அதாவது விளையாட்டை மாற்றும் கூடுதல் கோப்புகள், பயன்படுத்துவோர் ஒன்றை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்: மாட் இயங்கும் சேவில் அச்சீவ்மென்ட்கள் கிடைக்காது. அவற்றைச் சேர்ப்பதில் ஆர்வமுள்ளவர்கள் மாட் இல்லாத சேவிலேயே இந்தப் பாதையை முடிக்க வேண்டும்.

2. புறப்படுவதற்கு முன் காமன்வெல்த்தில் முடிக்க வேண்டியவை

புதியவர்கள் மிக அதிகமாகச் சிக்கிக்கொள்வது இந்தப் படியில்தான். அவசரப்பட்டு இதைத் தாண்டிப் போகாதீர்கள்.

முதலாவது, பிரஸ்டன் கார்வி. மினிட்மென் படையின் இந்த மனிதர், நீங்கள் ரெய்டர்களுக்காக ஒரு குடியிருப்பைப் பறித்துவிட்டால், அதன்பிறகு உங்களைத் துணைவராக ஏற்கமாட்டார். எவ்வளவு இனிக்கப் பேசினாலும், எத்தனை குடியிருப்புகளைப் பின்னர் காப்பாற்றிக் கொடுத்தாலும் அந்த நட்பு மீளாது. நியூக்கா-வேர்ல்டுக்குப் போவதாலோ, ஓவர்பாஸ் என்ற தலைமைப் பட்டத்தை ஏற்பதாலோ, பூங்காக்களைக் கைப்பற்றுவதாலோ அவர் முறித்துக்கொள்வதில்லை. காமன்வெல்த் மண்ணில் "ஹோம் ஸ்வீட் ஹோம்" பணியின் வழியாக முதல் அவுட்போஸ்ட்டை அமைக்கும்போதுதான் முறிவு வருகிறது. எனவே அவருடைய நட்பை உச்சத்துக்குக் கொண்டுபோய், "யுனைட்டெட் வி ஸ்டாண்டு" என்ற பெர்க்கை, அதாவது நிரந்தரச் சிறப்புத் திறனை, முன்கூட்டியே பெற்றுவிடுங்கள். மூன்று அல்லது அதற்கு மேற்பட்ட எதிரிகளை ஒரே நேரத்தில் எதிர்கொள்ளும்போது உங்கள் தாக்குதல் வலிமையை 20 சதவீதமும், சேதம் தாங்கும் திறனை 20 புள்ளிகளும் அது உயர்த்துகிறது. ஒருமுறை பெற்ற பெர்க், அவர் உங்களை வெறுத்த பிறகும் உங்களிடமே இருக்கும்.

இரண்டாவது, முதன்மைக் கதை. மினிட்மென் வழியாக இன்ஸ்டிட்யூட் என்ற அணியின் கதையை முடிக்க விரும்புபவர்கள், அதை முடித்துவிட்டே இந்தப் பக்கம் வர வேண்டும். பிரதர்ஹுட், ரெயில்ரோடு என்ற மற்ற அணிகளின் வழியில் போகிறவர்களுக்கு இவ்வளவு நெருக்கடி இல்லை. எனினும் முடிக்க வேண்டியதை முடித்துவிட்டு வருவது எவருக்கும் நட்டமில்லை.

மூன்றாவது, மற்றத் துணைவர்கள். பைப்பர், நிக் வாலன்டைன் போன்றோர் அப்பாவிகளைக் கொல்வதைக் கண்டால் கடுமையாக வெறுப்பார்கள். நட்பு மிகவும் தாழ்ந்தால் உங்களை விட்டே போய்விடுவார்கள். அவர்களுடைய பெர்க்குகளையும் முன்பே வாங்கிக்கொள்ளுங்கள். படையெடுப்புக்கு அவர்களை அழைத்துப் போகாதீர்கள். அந்த வேளையில் உடனிருக்கத் தகுந்தவர்கள் இருவரே: நியூக்கா-வேர்ல்டில் கிடைக்கும் போர்ட்டர் கேஜ், அல்லது உங்கள் நாய் டாக்மீட். நாய் எதையும் குற்றமாக எடுத்துக்கொள்வதில்லை.

நான்காவது, கேப்ஸ். இந்த உலகில் பாட்டில் மூடிதான் பணம். ஆயுதம், மருந்து, கட்டுமானச் சரக்கு ஆகிய மூன்றுக்கும் அது தேவைப்படுவதால், கையில் சில ஆயிரம் இல்லாமல் இறங்காதீர்கள். சம்பாதிக்க எளிய வழி தண்ணீர் விற்பனை. சாங்சுவரி ஹில்ஸ் ஆற்றில் இன்டஸ்ட்ரியல் வாட்டர் பியூரிஃபையர் ஒன்றை நிறுவினால் அது 40 அலகு தண்ணீர் தரும். அதற்கு 5 அலகு மின்சாரம் வேண்டும், அதை ஒரு நடுத்தர ஜெனரேட்டரே கொடுத்துவிடும். குடியிருப்பவர்கள் குடித்தது போக மிஞ்சுவது வொர்க்பெஞ்ச் என்ற பட்டறை மேசையின் சேமிப்பில் சேரும். சேர்ந்ததை அடிக்கடி எடுத்துவிட வேண்டும். அங்கேயே குவிந்து கிடந்தால் மேற்கொண்டு சேர்வது நின்றுவிடும்.

ஐந்தாவது, விவசாயம். இதைப் பலரும் தவறவிடுகிறார்கள். ரெய்டர்கள் பயிரிடமாட்டார்கள். நாளை அவர்களுக்குச் சோறு போடப் போவது இன்று நீங்கள் வளர்த்துவைக்கும் பண்ணைகள்தாம். எனவே ஏபர்நேத்தி ஃபார்ம், கிரீன்டாப் நர்சரி, ஃபின்ச் ஃபார்ம் போன்ற பயிர் நிலங்களோடு உறவு வைத்திருந்தால், அங்கே பயிர்களைப் பெருக்கி, ஆள்களை நியமித்துவிட்டு வாருங்கள். இதன் கணக்கை 7ஆம் படியில் விளக்குகிறேன்.

3. ஓவர்பாஸ் ஆவது

இதில் அதிகம் சொல்ல ஒன்றுமில்லை. வரைபடத்தின் மேற்கு விளிம்பிலுள்ள நியூக்கா-வேர்ல்ட் டிரான்சிட் சென்டரை கன்னர்கள் என்ற கூலிப்படை பிடித்து வைத்திருக்கிறது. அவர்களைத் தீர்த்துவிட்டு உள்ளே போனால், ஹார்வி என்பவர் காயத்தோடு கிடந்து, தன் குடும்பத்தைக் காப்பாற்றும்படி கெஞ்சுவார். அவர் சொல்வது பொய். ஆனால் மோனோரெயிலை இயக்குவதற்கு அவர் வழிதான் வழி.

மோனோரெயிலில் ஏறிய பிறகு, ஓவர்பாஸாக இருக்கும் கோல்டரை வீழ்த்தும்வரை திரும்பி வர வழியில்லை என்று எண்ணிக்கொண்டே ஏறுங்கள். ஸ்டிம்பேக் (காயத்துக்கான மருந்து), ராட்அவே (கதிர்வீச்சை நீக்கும் மருந்து), குண்டுகள் ஆகியவற்றைத் தேவைக்கு இரு மடங்காக எடுத்துக்கொள்ளுங்கள். வீணான சுமையை வீட்டிலேயே வைத்துவிடுங்கள். இறங்கியதும் காண்ட்லெட் என்ற பொறிப் பாதை வரும். அங்கே ஓடக் கூடாது. தரையிலுள்ள கம்பிகளையும் அழுத்தத் தட்டுகளையும் பார்த்து நடக்க வேண்டும்.

கோல்டர் அணிந்த பவர் ஆர்மர் என்ற இயந்திரக் கவச உடையில் மின்கவசம் இருப்பதால் சாதாரணக் குண்டுகள் பலிக்காது. இன்டர்காமில் கேஜ் பேசுவதைப் பொறுமையாகக் கேளுங்கள். அவர் சுட்டிக்காட்டும் தர்ஸ்ட் ஸாப்பர் என்ற தண்ணீர்த் துப்பாக்கியை எடுத்து, முதலில் அதனால் நனைத்து, கவசம் செயலிழந்த சில நொடிகளில் உண்மையான ஆயுதத்தால் சுட வேண்டும். கவசம் மீண்டு வந்தால் மறுபடியும் நனைக்க வேண்டும். துப்பாக்கிகளை விரைவுப் பட்டியலில் அடுத்தடுத்து வைத்துக்கொண்டால் கை தடுமாறாது.

4. பூங்காக்களைப் பங்கிடுவது

இப்போது உங்கள் கீழ் மூன்று கும்பல்கள் இருக்கின்றன. மேக்ஸ் பிளாக் என்ற பெண்ணும் அவருடைய சகோதரர் வில்லியம் பிளாக்கும் நடத்தும் ஆப்பரேட்டர்கள் பணத்தை மட்டுமே மதிப்பவர்கள். மேசன் தலைமையிலான பேக் கும்பல் விலங்குகளோடு வாழ்ந்து, வலிமைக்கு மட்டும் தலைவணங்குகிறது. நிஷாவின் டிசைப்பிள்கள் கத்தியையும் கொலையையும் விரும்புகிறவர்கள். "தி கிராண்டு டூர்" பணியில் ஐந்து பூங்காக்களை, அதாவது கிட்டி கிங்டம், டிரை ராக் கல்ச், கலாக்டிக் ஸோன், சஃபாரி அட்வென்ச்சர், நியூக்கா-கோலா பாட்டிலிங் ஆலை ஆகியவற்றைச் சுத்தம் செய்து, ஒவ்வொன்றிலும் ஏதாவதொரு கும்பலின் கொடியை ஏற்ற வேண்டும்.

ஐந்தை மூன்றால் சமமாக வகுக்க முடியாது. விளையாட்டை உருவாக்கியவர்கள் வேண்டுமென்றே வைத்த சிக்கல் இது. மிகக் குறைவாகப் பெற்ற கும்பல் பிற்பாடு உங்களுக்கு எதிராகத் திரும்பும். எனவே எல்லோரையும் திருப்திப்படுத்த முயல்வது வீண். எந்தக் கும்பலை இழக்கத் தயார் என்பதை முதல் கொடியை ஏற்றுவதற்கு முன்பே முடிவு செய்யுங்கள்.

முடிவை எளிதாக்க ஒரு வழி உண்டு. இறுதிவரை உங்களோடு நிற்கும் கும்பல்கள் தத்தம் பெர்க்கை உங்களுக்குத் தருகின்றன. ஆப்பரேட்டர்களின் பெர்க், சைலன்சர் பொருத்திய துப்பாக்கியோடு மறைந்து தாக்குபவர்களுக்குப் பொருந்தும். பேக் கும்பலின் பெர்க் கைகலப்பில் இறங்குபவர்களுக்கும், டிசைப்பிள்களின் பெர்க் கத்தி முதலான ஆயுதங்களால் அடுத்தடுத்து வெட்டிச் செல்பவர்களுக்கும் உதவும். உங்கள் சண்டைமுறைக்கு எது பயன்படாதோ, அந்தக் கும்பலுக்குக் குறைவாகக் கொடுங்கள். எவரைப் பிடிக்கவில்லை என்பதை வைத்து முடிவெடுப்பதும் தவறில்லை. மூவரில் நல்லவர் என்று எவருமில்லை.

பூங்காக்களின் வரிசை உங்கள் விருப்பம். கிட்டி கிங்டத்தில் கதிர்வீச்சு தொடர்ந்து தெளிக்கப்படுவதால் ராட்-எக்ஸ் என்ற தடுப்பு மருந்தும் ஹஸ்மட் பாதுகாப்பு உடையும் கைவசம் வேண்டும். சஃபாரி அட்வென்ச்சரில் உள்ள கேட்டர்கிளா என்ற முதலை போன்ற விலங்குகள் வேகமானவை, தோல் தடித்தவை. அதைக் கடைசியில் வைத்துக்கொள்ளுங்கள்.

5. ஷாங்கைச் சந்தித்து முதல் இடத்தைத் தேர்ந்தெடுப்பது

ஐந்து கொடிகளும் ஏறிய பிறகு, கேஜ் உங்களை ஷாங்கிடம் அனுப்புவார். இனி அவுட்போஸ்ட் தொடர்பான எல்லாமே இவர் வழியாகத்தான் நடக்கும்: எந்த இடம், எந்தக் கும்பல், எந்த முறை என்பதை இவரிடம் பேசி முடிவெடுத்துவிட்டே கிளம்ப வேண்டும். நீங்களாகப் போய் ஒரு குடியிருப்பைச் சூறையாடினால் அது அவுட்போஸ்ட் ஆகாது; செத்த விவசாயிகளும் வெறும் நிலமும்தான் மிஞ்சும்.

இடம் தேர்வதில் மூன்றைப் பாருங்கள். மக்கள் அதிகம் குடியேறாத இடம் ஷாங்கின் பட்டியலில் வந்தால் அதையே முதலில் எடுங்கள். சண்டையும் குறைவு, பாவமும் குறைவு. கட்டுவதற்குத் தட்டையான தரை வேண்டும். தண்ணீருக்கு மண்தரையோ குளமோ இருக்க வேண்டும். இம்மூன்றும் சேர்ந்த இடமாக எனக்குப் படுவது ஸ்டார்லைட் டிரைவ்-இன். பழைய திறந்தவெளித் திரையரங்கின் பரந்த தரையும், நடுவில் நீர் தேங்கிய பள்ளமும் அங்கே உண்டு. சன்ஷைன் டைடிங்ஸ் கோ-ஆப்பும் மேற்குப் பக்கமாக இருப்பதால் மோனோரெயில் நிலையத்துக்குப் போய்வர வசதியானது; கட்டி முடித்த குடில்களும் அங்கே தயாராக இருக்கின்றன.

தேர்ந்தெடுக்கக் கூடாதவையும் உண்டு. நல்ல பண்ணையை அவுட்போஸ்ட் ஆக்காதீர்கள். பயிர் நிலத்திலிருந்து விவசாயியை விரட்டிவிட்டு, பயிரிடாத கூட்டத்தை அங்கே உட்கார வைப்பது உங்கள் சோற்றில் நீங்களே மண்ணைப் போட்டுக்கொள்வதாகும். பண்ணைகளைக் கப்பம் கட்டவே விட்டுவைக்க வேண்டும். உங்கள் கடைகளும், பொருள் சேமிப்பும், குடியிருப்புகளுக்கிடையே சரக்கைப் பகிரும் சப்ளை லைன்களின் சந்திப்பும் உள்ள தலைமைக் குடியிருப்பையும் தொடாதீர்கள்.

ஏற்கெனவே உங்கள் கையில் உள்ள ஓர் இடத்தைத்தான் மாற்றப் போகிறீர்கள் என்றால், படையெடுக்கும் முன் அங்குள்ள வொர்க்பெஞ்சைக் காலி செய்து, பொருள்களை வேறிடத்துக்கு மாற்றுங்கள். அங்கே குடியிருப்பவர்களையும் வேறு குடியிருப்புக்கு அனுப்பிவையுங்கள்.

6. கைப்பற்றுவது

தேர்ந்த கும்பலின் ஆள்கள் குடியிருப்புக்கு அருகே உங்களுக்காகக் காத்திருப்பார்கள். அவர்களைச் சந்தித்த பிறகுதான் அடுத்த வேலை. இந்தச் சந்திப்புக்கு முன்பே, நான் முன்னே சொன்ன மூன்றாவது முழு சேவைச் செய்துவிடுங்கள்.

கொல்லாமல் இடத்தைக் காலி செய்ய வைக்க, பேச்சும் மிரட்டலும் உதவும். அவை பலிப்பது கரிஸ்மா என்ற உங்கள் பேச்சுக் கவர்ச்சிப் புள்ளியைப் பொறுத்தது. தற்காலிகமாக அதை உயர்த்திக்கொள்ளும் வழிகள்: ஒரு பீர் 1 புள்ளி, டே டிரிப்பர் 3 புள்ளி, கிரேப் மென்டாட்ஸ் 5 புள்ளி. கரிஸ்மாவைக் கூட்டும் உடைகளும் தொப்பிகளும் கண்ணாடிகளும் தனி. பேசுவதற்குச் சற்று முன்பு, பவர் ஆர்மரிலிருந்து இறங்கி, இவற்றை எல்லாம் ஒருசேரப் பயன்படுத்துங்கள். போதைப்பொருளின் விளைவு சில நிமிடங்களே நிற்கும். உரையாடல் வரியின் நிறமும் கவனிக்கத் தக்கது: மஞ்சள் எளிது, ஆரஞ்சு நடுத்தரம், சிவப்பு கடினம்.

பேச்சு பலிக்காவிட்டால் சண்டைதான். அப்போது கவனிக்க வேண்டியது ஒன்று: கையெறி குண்டையும் மிசைலையும் தவிர்த்துவிடுங்கள். உங்கள் பக்கத்து ரெய்டர்களும் அந்த நெரிசலில்தான் நிற்கிறார்கள்.

7. சோறு: கப்பம் கட்டும் குடியிருப்புகள்

இடம் கிடைத்ததும் கட்டத் தொடங்கிவிடத் தோன்றும். அதற்கு முன் சோற்றுக்கு வழி செய்யுங்கள். ரெய்டர் அவுட்போஸ்ட் தின்னும், விளைவிக்காது. அருகிலுள்ள குடியிருப்புகளைப் பணியவைத்து, அவற்றைக் கப்பம் கட்டச் செய்வதால்தான் அது பிழைக்கிறது. இந்த வேலையையும் ஷாங்கே ஒதுக்கித் தருவார். அவுட்போஸ்ட் அமைக்கும்போது குடியிருப்பவர்களை விரட்டுகிறோம். இங்கே அவர்கள் உயிரோடும், பயத்தோடும், வேலை செய்யும் கையோடும் இருக்க வேண்டும். எனவே இதில் பேச்சையே முதலில் முயலுங்கள். அடிதடியில் இறங்கினாலும் அவர்கள் பணியும் வரை போதும். விவசாயி செத்தால் விளைச்சலும் செத்தது.

கணக்கு எளிது. ஒருவருக்கு ஒரு நாளைக்கு 1 அலகு உணவு வேண்டும். ஒரு விவசாயி அதிகபட்சம் 6 அலகு உணவுக்கான பயிரைக் கவனிப்பார். மியூட்ஃப்ரூட் செடி ஒன்று 1 அலகு தரும் என்பதால் அவருக்கு 6 செடிகள் போதும். டாட்டோ, சோளம், கேரட், ரேஸர்கிரெய்ன் போன்றவை ஒவ்வொன்றும் அரை அலகே தருவதால் 12 செடிகள் வேண்டும். இடமும் நடும் நேரமும் மிச்சமாவதால் மியூட்ஃப்ரூட்டையே நடுங்கள். ஒருவர் விளைவிக்கும் ஆறில் ஒன்றை அவரே உண்பதால் மிஞ்சுவது ஐந்து. அதே குடியிருப்பில் பயிரிடாமல் காவல் நிற்பவர், கடை நடத்துபவர் ஆகியோரையும் கழித்த பிறகு எஞ்சுவதுதான் உண்மையான உபரி. உபரியே இல்லாத குடியிருப்பைப் பணியவைத்துப் பயனில்லை.

இதனால்தான் பண்ணைகளை முன்பே பெருக்கச் சொன்னேன். ஒரு குடியிருப்பில் வாழக்கூடியவர்களின் உச்ச எண்ணிக்கை 10ஓடு உங்கள் கரிஸ்மாவைக் கூட்டி வருவது. எல்லோரையும் நிரப்புவதைவிட, வந்தவர்களைச் சரியாகப் பயிர்வேலைக்கு நியமிப்பதே பலன் தரும். தாமாக வந்து சேர்பவர்கள் பெரும்பாலும் வேலையின்றிச் சுற்றிக்கொண்டிருப்பார்கள். வொர்க்ஷாப் முறைக்குள் போய், ஆளைத் தேர்ந்தெடுத்து, செடியைச் சுட்டினால் அவர் அருகிலுள்ள மற்றச் செடிகளையும் சேர்த்துக் கவனிக்கத் தொடங்குவார்.

அவுட்போஸ்ட்டையும் கப்பக் குடியிருப்பையும் எந்த விகிதத்தில் வளர்ப்பது என்றால், புது அவுட்போஸ்ட் அமைக்கும் முன் பழையதற்குக் குறைந்தது ஒரு நல்ல பண்ணையாவது கப்பம் கட்டிக்கொண்டிருக்க வேண்டும் என்பது என் வழக்கம். அவுட்போஸ்ட்களை வரிசையாகப் பறித்துவிட்டு, சோற்றைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று போனால், பிப்-பாயின் வொர்க்ஷாப் பக்கத்தில் எச்சரிக்கைக் குறிகள்தாம் நிறையும்.

8. கட்டுமானம்: எதற்குச் செலவிட வேண்டும்

ரெய்டர்களுக்கும் படுக்கை, தண்ணீர், பாதுகாப்பு ஆகியவை வேண்டும். படுக்கைகள் கூரையின்கீழ் இருக்கட்டும். தண்ணீருக்குக் கைப்பம்பு ஒன்று 3 அலகு தரும், மின்சாரம் வேண்டாம், மண்ணில் மட்டும் ஊன்ற முடியும். நீர்நிலை இருந்தால் சிறிய பியூரிஃபையர் ஒன்று 2 அலகு மின்சாரத்தில் 10 அலகு தண்ணீர் தரும். 3 அலகு தரும் சிறிய ஜெனரேட்டரே அதற்குப் போதும்.

தண்ணீர் வியாபாரத்தை இங்கேயும் நடத்தலாமே என்று இன்டஸ்ட்ரியல் பியூரிஃபையரை வைத்துவிடாதீர்கள். ஒரு குடியிருப்பில் விளையும் உணவையும் தண்ணீரையும் கூட்டினால் வரும் எண்ணைவிட அதன் பாதுகாப்பு எண் அதிகமாக இருக்க வேண்டும் என்பது குடியிருப்பு நடத்துவதன் அடிப்படை விதி. 40 அலகு தண்ணீரைக் கூட்டினால், பாதுகாப்பையும் அதே அளவு கூட்ட வேண்டியிருக்கும். அவுட்போஸ்ட்டில் தேவைக்குமேல் வளம் சேர்க்காமல் இருப்பதே சிக்கனமான பாதுகாப்பு.

பாதுகாப்புக்கு மெஷின் கன் டரெட் என்ற தானியங்கித் துப்பாக்கிகளை நம்பலாம்; அவற்றுக்கு மின்சாரம் தேவையில்லை. கியர், ஆயில், சர்க்யூட்ரி, ஸ்டீல் ஆகியவை அவற்றுக்கு வேண்டும். ஸ்டீல் எங்கும் கிடைக்கும்; மற்ற மூன்றும் எப்போதும் பற்றாக்குறை. வழியில் கிடக்கும் டைப்ரைட்டர், மேசை விசிறி, ஹாட் பிளேட், எண்ணெய் டப்பா போன்ற குப்பைகளை விடாமல் அள்ளுங்கள். சில வியாபாரிகள் மூலப்பொருள்களை ஷிப்மென்ட்டாக விற்பார்கள். தண்ணீர் விற்ற கேப்ஸை அங்கே செலவிடுவது தகும். அவுட்போஸ்ட்டுக்கான சரக்கைக் கையோடு கொண்டுபோங்கள். சப்ளை லைன் வழியாக வரும் என்று காத்திருக்க வேண்டாம்.

ஷாங்கின் வேலைகளில் முன்னேறும்போது "வேஸ்ட்லேண்டு வார்லார்டு" என்ற பெர்க் கிடைக்கும். இதற்கு உங்கள் பெர்க் புள்ளிகள் செலவாகாது. ரெய்டர்களுக்கே உரிய கட்டுமானப் பொருள்கள் இதனால் திறக்கும். அவற்றுள் கப்பப் பெட்டியை வாய்ப்புக் கிடைத்ததும் வைத்துவிடுங்கள். மற்ற அலங்காரங்களுக்கு அவசரமில்லை. கம்பத்தில் செருகிய தலைகளை வைப்பதும் வைக்காததும் உங்கள் ரசனை.

9. பவர் ப்ளே

முதல் அவுட்போஸ்ட்டோடு "ஹோம் ஸ்வீட் ஹோம்" முடிவதில்லை. ஷாங்க் மேலும் இடங்களைக் கேட்பார். அந்தப் பட்டியல் முடிந்ததும், புறக்கணிக்கப்பட்ட கும்பல் நியூக்கா-வேர்ல்ட் மின்நிலையத்தைக் கைப்பற்றித் துரோகம் செய்யும். அழைப்பு வந்ததும் ஓடாதீர்கள். அவுட்போஸ்ட்களின் பாதுகாப்பையும் கப்பக் குடியிருப்புகளின் உணவையும் ஒருமுறை சரிபார்த்து, முழு சேவ் செய்து, மருந்தை நிரப்பிக்கொண்டு போங்கள். மின்நிலையத்துக்குள் நெருக்கமான பாதைகளும் மேல்தளங்களும் இருப்பதால், ஷாட்கன் போன்ற குறுந்தொலைவு ஆயுதம் ஒன்றும், தொலைவிலிருந்து சுட மற்றொன்றும் வேண்டும். துரோகிகளைத் தீர்த்து மின்சாரத்தை மீட்டதும் பூங்கா முழுவதும் விளக்கெரியும். நிலைத்து நின்ற கும்பல்களின் பெர்க்குகளும் வந்துசேரும்.

10. வேண்டாம் என்று தோன்றினால்

நடுவில் மனம் மாறுபவர்களுக்கும் வழி இருக்கிறது. நியூக்கா-டவுன் சந்தையில் கழுத்துப்பட்டை மாட்டப்பட்ட அடிமையாக மருத்துவம் பார்க்கும் மெக்கென்ஸி பிரிட்ஜ்மேனிடம் பேசினால், "ஓப்பன் சீசன்" என்ற பணி தொடங்கும். மூன்று கும்பல்களின் தலைவர்களையும் கொன்று அந்த இடத்தை விடுவிப்பதே அதன் வேலை. கேஜும் அப்போது உங்களுக்குப் பகையாவார். அதனால் அவருடைய பெர்க் வேண்டுமானால் முன்பே வாங்கிக்கொள்ளுங்கள். இதைச் செய்தபின் அவுட்போஸ்ட் பாதை நிரந்தரமாக மூடிவிடும்.

காலம்தான் இங்கே முக்கியம். ஓவர்பாஸ் ஆனதும், முதல் அவுட்போஸ்ட்டுக்கு முன்பாகவே இதைச் செய்தால் பிரஸ்டனின் நட்புக்குக் குறைவில்லை. சில அவுட்போஸ்ட்களை அமைத்துவிட்ட பிறகு தலைவர்களைக் கொன்றால், ரெய்டர்களையும் இழப்பீர்கள், அவரையும் இழந்திருப்பீர்கள். ஐந்து பூங்காக்களையும் சுற்றிப் பார்க்க வேண்டும், ஆனால் ரெய்டராக வேண்டாம் என்பவர்கள், "தி கிராண்டு டூர்" முடிந்து ஷாங்கைப் பார்க்கச் சொல்லும் கட்டத்தில் நிறுத்திவிட்டு, அங்கிருந்து நேரே மெக்கென்ஸியிடம் போகலாம்.